மணலுக்கு ஒரு காற்று, சாலைக்கு ஒரு காற்று

தூத்துக்குடியிலிருந்து திருநெல்வேலி போகும் நெடுஞ்சாலையில் புதுக்கோட்டை என்று ஓர் ஊர் இருக்கிறது. தொண்டைமான்கள் ஆண்ட புதுக்கோட்டை வேறு. இது துறைமுகத்துச் சரக்கு லாரிகள் இரவு பகலாகக் கடந்துபோகும் சாலையோர ஊர். இங்கே நெடுஞ்சாலையை விட்டுத் தெற்கே திரும்பி, சாயர்புரம், ஏரல் வழியாகத் தாமிரபரணியைத் தாண்டினால், வாழைத் தோட்டங்களும் நெல்வயல்களும் முடிந்த சிறிது தூரத்தில் மண்ணின் நிறம் மாறத் தொடங்கும். காயாமொழி, குதிரைமொழிப் பக்கம் போய்ச் சேரும்போது கண்ணுக்கெட்டிய தூரம் செக்கச்செவேலென்று மணல்மேடுகள். தேரி என்று இந்தப் பக்கத்தில் சொல்வது இதைத்தான்.

நான்குவழித் தார்ச்சாலையும், கணுக்கால் வரை கால் புதையும் மணலும் இவ்வளவு நெருக்கத்தில் அமைந்த இடம் தமிழ்நாட்டில் அதிகம் இல்லை. தோட்டத்துக்குப் போகும் விவசாயியும், வனத்துறை ஜீப்பும், தண்ணீர் வண்டியும் இரண்டிலும் ஓடியாக வேண்டும். கடலோரத்தில் மீன் ஏற்ற வரும் குட்டியானை வண்டிகளுக்கும் இதே பாடு. வண்டி ஒன்றுதான், டயரும் அதேதான். மாற்றக்கூடியது உள்ளே இருக்கும் காற்று மட்டும். மணலில் இறங்குமுன் காற்றைக் குறைக்க வேண்டும் என்பது பலருக்குத் தெரியும். தெரியாதவருக்கு மணலே கற்றுக்கொடுத்துவிடும். மீண்டும் தார் ஏறுமுன் அந்தக் காற்றை நிரப்பியாக வேண்டும் என்பதைக் கற்றுக்கொடுக்கத்தான் யாரும் இல்லை. குறைந்த காற்றோடு வண்டி தார்ச்சாலையில் நன்றாகவே ஓடும். குலுக்கல்கூடக் குறைவாகத் தெரியும். ஆபத்து அந்தச் சுகத்துக்குள்தான் இருக்கிறது. இந்த அத்தியாயம் அதைப் பற்றியது.

முதலில் ஓர் எளிய கணக்கு. ஆட்களோடு சேர்த்து 1,200 கிலோ எடையுள்ள ஒரு காரை எடுத்துக்கொள்வோம். டயர் ஒன்றுக்கு 300 கிலோ. டயரில் 32 பவுண்டு காற்று. பஞ்சர் கடையில் பவுண்டு என்று சொல்வது ஒரு சதுர அங்குலத்துக்கு இத்தனை பவுண்டு என்ற அழுத்தத்தை. 32 பவுண்டு என்பது சதுர சென்டிமீட்டருக்கு ஏறக்குறைய 2.25 கிலோ. முந்நூறை 2.25-ஆல் வகுத்தால் 133 சதுர சென்டிமீட்டர். தோராயமாக 13 சென்டிமீட்டர் நீளம், 10 சென்டிமீட்டர் அகலம். ஒரு டயர் தரையைத் தொடும் இடம் அவ்வளவுதான். ரப்பர் சுவரின் விறைப்பும் கொஞ்சம் எடையைத் தாங்குவதால் இந்தக் கணக்கு நூலிழை பிசகாததல்ல. ஆனால் அடிப்படை உண்மை மாறாது: தரையை டயர் அழுத்தும் அழுத்தமும், டயருக்குள் இருக்கும் காற்றின் அழுத்தமும் கிட்டத்தட்ட ஒன்று.

இந்த அழுத்தம் எத்தகையது என்பதை இந்தக் கடற்கரைக்காரர்கள் உடம்பாலேயே அறிந்தவர்கள். கடலில் 10 மீட்டர் இறங்கினால் ஒரு வளிமண்டல அழுத்தம், அதாவது 14.7 பவுண்டு கூடும். 32 பவுண்டுக்கு ஏறக்குறைய 22 மீட்டர் ஆழம் வேண்டும். மன்னார் வளைகுடாவின் முத்துப் பார்கள் பலவும் அந்த ஆழத்தை ஒட்டியே கிடக்கின்றன. கல்லில் கால் வைத்து, கயிற்றைப் பிடித்துக்கொண்டு, மூச்சடக்கி இறங்கிய முத்துக்குளிப்பவர் அடியில் சிப்பி பொறுக்கிய நேரமெல்லாம் அவர் மார்பை நெருக்கியது, இன்று நம் கார் டயரில் நாம் அடைத்து வைத்திருக்கும் அதே அழுத்தம். அவருடைய நுரையீரலில் இருந்த காற்று அங்கே மூன்றில் ஒரு பங்காகச் சுருங்கியிருக்கும். தூத்துக்குடியில் கடைசி முத்துக்குளிப்பு 1961-ல் நடந்தது. அந்த மனிதர்களின் நெஞ்சுரத்தை நினைக்கும்போது, 32 என்ற எண்ணை கேஜில் சாதாரணமாகப் பார்க்க முடிவதில்லை.

டயரின் காற்றை 16 பவுண்டுக்கு இறக்கினால் தரையைத் தொடும் பரப்பு ஏறக்குறைய இரண்டு மடங்காகிறது. இந்தக் கூடுதல் பரப்பு பெரும்பாலும் நீளவாக்கில் கிடைப்பது. டயர் அகலமாவதைவிட அதன் அடித்தடம் நீள்வதே அதிகம். மணலில் உதவுவதும் அந்த நீளம்தான்.

தேரி மணல் ஏன் இப்படிப் புதைய விடுகிறது? காற்று ஆயிரக்கணக்கான ஆண்டுகளாகப் புடைத்துச் சேர்த்த மணல் இது. படிகக்கல் மணிகளோடு இல்மனைட், கார்னெட் போன்ற கனிமங்கள் கலந்திருக்கின்றன. மணிகளின் மேல் இரும்பு ஆக்சைடு பூச்சாகப் படிந்ததால் இந்தச் சிவப்பு. (இந்த மேடுகளில் கிடைத்த நுண்கற்கருவிகளைப் பற்றித் தொல்லியலாளர்கள் சாய்னரும் ஆல்சினும் 1956-ல் எழுதினார்கள். சக்கரமே இல்லாத காலத்து மனிதர்கள் இங்கே நடந்திருக்கிறார்கள்.) உலர்ந்த மணலில் மணிக்கு மணி ஒட்டுதல் கிடையாது. அதன் பலமெல்லாம் மணிகள் ஒன்றோடொன்று உரசும் உராய்வில் இருக்கிறது. ஒரு சிறிய இடத்தில் பெரிய எடை விழுந்தால் மணிகள் பக்கவாட்டில் நழுவி வழிவிடும், சக்கரம் இறங்கும். இறங்கிய சக்கரத்துக்கு முன்னால் ஒரு மணல் திட்டு எழும். வண்டி எப்போதும் அந்தத் திட்டின் மேல் ஏறிக்கொண்டே இருக்க வேண்டியதாகிறது. ஏற முடியாமல் சக்கரம் சுழன்றால் தன் குழியைத் தானே தோண்டிக்கொள்ளும். இரும்புப் பட்டா போட்ட கட்டைவண்டிகள் தேரியில் பட்ட பாட்டுக்குக் காரணம் இதுதான். பின்னால் வந்த டயர் வண்டியை மாடுகள் சுலபமாக இழுத்ததற்கும் காரணம் இதுதான்.

நனைந்த மணல் வேறு பொருள். மணிகளுக்கு இடையே நிற்கும் மெல்லிய நீர்ப்படலம் பரப்பு இழுவிசையால் அவற்றை ஒன்றோடொன்று இழுத்துப் பிடிக்கிறது. திருச்செந்தூர்க் கடற்கரையில் அலை நனைத்துவிட்டுப் போன ஓரத்தில் சைக்கிள்கூட ஓடும். நாலு அடி மேலே ஏறினால் உலர்ந்த மணலில் செருப்புக் கால் புதையும்.

டயர் காற்றைக் குறைத்து மணலைக் கடக்கும் வித்தையை முறையாக வளர்த்தவர்களில் முதன்மையானவர் ரால்ஃப் பாக்னால்ட். பிரிட்டிஷ் ராணுவப் பொறியாளர். 1920-களின் இறுதியிலும் 1930-களின் தொடக்கத்திலும் நண்பர்களோடு சாதாரண ஃபோர்டு கார்களில் லிபியப் பாலைவனத்தைக் கடந்தார். கார் போகவே முடியாது என்று எல்லோரும் நம்பிய பெருமணற்கடல் அது. காற்றைக் குறைப்பது, புதைந்தால் சக்கரத்துக்கு அடியில் இரும்புத் தகடு போடுவது, ரேடியேட்டரில் ஆவியாகும் நீரைப் பிடித்துத் திருப்பி விடுவது என்று அவர் செய்து பார்த்தவை இன்றும் பாலைவன ஓட்டிகளின் பாடத்திட்டம். 1940-ல் அவர் தொடங்கிய நெடுந்தூரப் பாலைவனப் படை அதே பாடத்தை வைத்துத்தான் இயங்கியது. அடுத்த ஆண்டு அவர் எழுதிய மணல் இயற்பியல் நூல், காற்று மணலை எப்படி நகர்த்துகிறது என்பதற்கு இன்றும் அடிப்படை நூல். செவ்வாய்க் கோளின் மணல்மேடுகளை ஆராய்பவர்களும் அதிலிருந்தே தொடங்குகிறார்கள்.

இரண்டாம் உலகப் போரில் கடற்கரைகளில் இறங்குவதற்காக அமெரிக்காவின் ஜெனரல் மோட்டார்ஸ் 1942-ல் டக் என்ற நீர்-நில வண்டியை உருவாக்கியது. கடலிலிருந்து மணலில் ஏறும்போது ஓட்டுநர் இருக்கையில் இருந்தபடியே காற்றை இறக்கவும், உறுதியான சாலையைத் தொட்டதும் ஏற்றவும் அதில் வசதி இருந்தது. இறக்கும் வழியோடு ஏற்றும் வழியையும் சேர்த்தே அந்தப் பொறியாளர்கள் வடிவமைத்தார்கள் என்பதை இங்கே கவனிக்க வேண்டும்.

காற்றே இல்லாத சக்கரமும் உண்டு. 1971-ல் அப்போலோ 15 நிலவுக்குக் கொண்டுபோன வண்டிக்கு எஃகுக் கம்பியால் பின்னிய வலைச் சக்கரங்கள். நம் சந்திரயான்-3-இன் பிரக்யான் ஊர்திக்கு உலோகச் சக்கரங்கள். சந்திரயான் ஊர்தியை ஓட்டிப் பார்க்க நிலவு மண்ணுக்கு மாற்றாகப் பயன்பட்டது நாமக்கல் மாவட்டத்துப் பாறையை அரைத்த தூள். தேரிக்குப் பக்கத்திலேயே குலசேகரன்பட்டினத்தில் 2024 பிப்ரவரியில் இஸ்ரோவின் இரண்டாவது ஏவுதளத்துக்கு அடிக்கல் நாட்டப்பட்டது. மணலில் சக்கரம் ஓட்டும் அறிவியலுக்கு இந்தப் பகுதியோடு உறவு விட்டுப்போகவில்லை.

சரி, வண்டி மணலை விட்டு வெளியே வருகிறது. முன்னால் தார்ச்சாலை. டயரில் 16 பவுண்டு.

டயர் எடையைத் தாங்கும் விதம் பலர் நினைப்பதுபோல் அல்ல. ரிம்முக்கு அடியில் இருக்கும் காற்று அதை மேலே தள்ளுகிறது என்று தோன்றும். ஆனால் காற்று ரிம்மை எல்லாப் பக்கமும் ஒரே அளவில்தான் அழுத்துகிறது. உண்மையில் வேலை செய்பவை பக்கச் சுவரில் ஓடும் இழைகள். சைக்கிள் சக்கரத்தின் கம்பிகளை நினைத்துக்கொள்ளுங்கள்: ஆள் ஏறி உட்கார்ந்ததும் அடிக்கம்பிகளின் இழுவிசை தளர்கிறது, மேல்கம்பிகள் இழுத்துப் பிடித்தபடி இருக்கின்றன, அச்சு மேலிருந்து தொங்குகிறது. டயரிலும் அப்படித்தான். காற்று இழைகளை விறைப்பாக இழுத்து வைத்திருக்கிறது. தரையைத் தொடும் இடத்தில் பக்கச் சுவர் பிதுங்கி, அங்கே மட்டும் இழுவிசை தளர்கிறது. அந்த வித்தியாசத்தில் வண்டி நிற்கிறது. காற்று குறைந்தால் அதே எடையைத் தாங்கச் சுவர் இன்னும் அதிகமாகப் பிதுங்கியாக வேண்டும்.

சக்கரம் உருளும்போது சுவரின் ஒவ்வொரு பகுதியும் கீழே வரும் நேரத்தில் ஒருமுறை மடங்கி, மேலே போகும்போது நிமிர்கிறது. கார் டயரின் சுற்றளவு ஏறக்குறைய 2 மீட்டர். மணலில் 15 கிலோமீட்டர் வேகத்தில் போகும்போது வினாடிக்கு இரண்டு தடவை மடங்கும். நெடுஞ்சாலையில் 80 கிலோமீட்டர் வேகத்தில் வினாடிக்கு 11 தடவை. ஒரு மணி நேரத்தில் 40,000 தடவை.

ரப்பரை மடக்கக் கொடுக்கும் ஆற்றல் முழுவதையும் அது நிமிரும்போது திருப்பித் தருவதில்லை. நீண்ட மூலக்கூறுச் சங்கிலிகள் ஒன்றின்மேல் ஒன்று வழுக்கி உரசுகின்றன. ஆற்றலில் ஒரு பங்கு வெப்பமாக உள்ளேயே தங்கிவிடுகிறது. இயற்பியலில் இதைத் தயக்கம் என்பார்கள். காற்று குறைந்த டயரில் ஒவ்வொரு மடங்கலும் ஆழமானது, ஆகவே மடங்கலுக்கு மடங்கல் வெப்பம் அதிகம். மணலில் இதே டயர் இதே அளவு மடங்கினாலும், வினாடிக்கு இரண்டு முறை என்ற நிதானத்தில் வெப்பம் வெளியேற அவகாசம் கிடைத்தது. சாலையில் அது ஐந்து மடங்கு வேகத்தில் பிறக்கிறது, வெளியேற வழி அப்படியே இருக்கிறது. ரப்பர் வெப்பத்தை மிக மோசமாகக் கடத்தும் பொருள். எஃகோடு ஒப்பிட்டால் இருநூறில் ஒரு பங்குகூட இருக்காது. மே மாத நண்பகலில் தார்ப்பரப்பே 60 டிகிரி சுடும் ஊரில், வெளியிலிருந்தும் ஆறுதல் கிடைக்காது.

இந்த வெப்பம் மிகுதியாகச் சேர்வது டயரின் தோள்பட்டையில், எஃகுக் கம்பிப் பட்டைகளின் விளிம்பு முடியும் இடத்தில். ரப்பரும் கம்பியும் ஒட்டியிருப்பது தொழிற்சாலையில் ஏறக்குறைய 150 டிகிரிக்கு மேல் வேகவைத்து உண்டாக்கிய பிணைப்பால். நூறைத் தாண்டி நூற்றிருபதை நோக்கிப் போகப் போக அந்தப் பிணைப்பு பலவீனமாகிறது. முதலில் கண்ணுக்குத் தெரியாத ஒரு விரிசல். அது பட்டையின் ஓரமாகவே நீண்டுகொண்டு போகும். ஒருநாள் மேல்தோல் முழுவதும் உரிந்து பறக்கும். கோடைக்காலத்தில் நெடுஞ்சாலை ஓரங்களில் சுருண்டு கிடக்கும் டயர்த் தோல்களைப் பார்த்திருப்பீர்கள். ரீட்ரெட் செய்த லாரி டயர்களின் தோல்கள் அவற்றில் நிறைய. ஆனாலும் தரமான புது டயரிலும் ரீட்ரெட் டயரிலும் இதை முடுக்கிவிடுவது ஒரே சேர்க்கைதான்: குறைந்த காற்று, அதிக எடை, வேகம்.

என்னை மிகவும் கலங்கடிப்பது இதில் உள்ள தாமதம். அரைக் காற்றில் 20 கிலோமீட்டர் ஓட்டி வீடு வந்து சேர்ந்தவர், ஒன்றும் ஆகவில்லையே என்று நினைத்துக்கொள்வார். உள்ளே ஆகியிருக்கலாம். அடுத்த நாள் முழுக் காற்று நிரப்பினாலும் வெந்துபோன பிணைப்பு மீண்டும் சேராது. பஞ்சர் கடையில் இப்படி ஓடிய டயரை ரிம்மிலிருந்து கழற்றும்போது பார்த்தால் தெரியும்: உள்ளே கைப்பிடி அளவு கருப்புத் தூள் கிடக்கும், கடுகு கடுகாக. பக்கச் சுவரின் உள்பூச்சு மடங்கி மடங்கித் தேய்ந்து உதிர்ந்தது அது. சுவரின் உட்புறத்தில் சுற்றிலும் ஒரு சாம்பல் நிற வளையம் தெரியும். விரலால் தடவினால் சொரசொரப்பாக இருக்கும். அனுபவமுள்ள கடைக்காரர் அதைப் பார்த்ததும், “இதை இனிமே ஓட்டாதீங்க அண்ணாச்சி” என்று சொல்லி ஓரமாக வைத்துவிடுவார். அவர் சொல்வதைக் கேட்க வேண்டும். வெளியே மேல்தோலின் பட்டன் எவ்வளவு புதிதாக இருந்தாலும் அந்த டயரின் ஆயுள் முடிந்துவிட்டது.

உலகம் இதை விலை கொடுத்துக் கற்ற வரலாறு ஒன்று இருக்கிறது. 2000 ஆகஸ்டில் அமெரிக்காவில் ஃபயர்ஸ்டோன் நிறுவனம் 65 லட்சம் டயர்களைத் திரும்பப் பெறுவதாக அறிவித்தது. பெரும்பாலும் ஃபோர்டு எக்ஸ்ப்ளோரர் வண்டிகளில் பொருத்தப்பட்டவை. மேல்தோல் உரிந்து, வண்டி கவிழ்ந்து இறந்தவர்கள் இருநூறுக்கும் மேல். ஃபோர்டு அந்த வண்டிக்குப் பரிந்துரைத்தது 26 பவுண்டு. பிறகு டயர் நிறுவனம் சொன்னது 30. டயரின் வடிவமைப்பிலும் தயாரிப்பிலும் குறை இருந்தது, வண்டி கவிழும் தன்மையும் சேர்ந்தது. என்றாலும், வெப்பமான தென்மாநிலங்களில் விபத்துகள் மிகுந்திருந்ததும், குறைந்த காற்றில் அந்த டயர்களுக்கு மிச்சமிருந்த தாங்குதிறன் மிகச் சொற்பம் என்பதும் விசாரணைகளில் தெளிவாயின. நான்கு பவுண்டு வித்தியாசத்தைப் பற்றியே அங்கே இத்தனை வாதம் நடந்தது. மணலிலிருந்து வருபவரின் டயரில் குறைவது பதினாறு. அந்த ஆண்டே இயற்றப்பட்ட சட்டத்தின் விளைவாகத்தான் டயர் காற்று குறைந்தால் எச்சரிக்கும் விளக்கு அங்கே எல்லாக் கார்களிலும் கட்டாயமாகி, இன்று நம் ஊர்க் கார்களிலும் பரவி வருகிறது.

வெப்பம் மட்டும் அல்ல. டயரின் விளிம்பை ரிம்மின் ஓரத்தோடு அழுத்தி உட்கார வைத்திருப்பதும் காற்றுதான். வேகமாக ஒரு வளைவில் திரும்பும்போது அரைக் காற்று டயரின் விளிம்பு ரிம்மிலிருந்து நழுவிவிடலாம். ட்யூப்லெஸ் டயர் அந்த நொடியே முழுக் காற்றையும் இழக்கும். மணலில் ஓடியதால் விளிம்பில் மணல் புகுந்திருந்தால் இதற்கான வாய்ப்பு இன்னும் கூடும்.

மழைக்காலத்தில் இன்னொன்று. சாலையில் தேங்கிய நீரை டயர் பிதுக்கி வெளியேற்ற முடியாத வேகத்தில், சக்கரம் நீரின் மேல் மிதக்கத் தொடங்கும். ஸ்டியரிங்கும் பிரேக்கும் அப்போது பயன்படா. 1960-களில் நாசாவில் விமான டயர்களை வைத்து ஆராய்ந்தபோது, இந்த மிதப்பு வேகம் காற்றழுத்தத்தின் வர்க்கமூலத்தைப் பொறுத்தது என்று கண்டார்கள். அந்த வாய்பாட்டில் 32 பவுண்டுக்குச் சுமார் 94 கிலோமீட்டர் வேகம் வருகிறது. 16 பவுண்டுக்கு 67. கார் டயரின் அகலமும் பட்டன் தேய்மானமும் இதை மாற்றும். ஆனால் போகும் திசை இதுதான். 2023 டிசம்பரில் காயல்பட்டினத்தில் ஒரே நாளில் 95 சென்டிமீட்டர் மழை கொட்டிய மாவட்டம் இது. ஐப்பசி, கார்த்திகையில் தேரியை விட்டு இறங்கிச் சாலை ஏறுபவர் இதையும் நினைவில் வைக்க வேண்டும்.

ஆகவே நிரப்ப வேண்டிய இடம், மணல் முடிந்து கெட்டித் தரை தொடங்கும் இடம். அடுத்த பெட்ரோல் பங்க் அல்ல. வண்டியில் 12 வோல்ட் கம்ப்ரசர் ஒன்று இருந்தால் போதும். ஒரு டயரின் உள்கொள்ளளவு 40 லிட்டர் என்று வைத்தால், 16 பவுண்டிலிருந்து 32-க்கு ஏற்ற வெளிக்காற்றில் ஏறக்குறைய 44 லிட்டரை உள்ளே தள்ள வேண்டும். நான்கு டயருக்கும் 175 லிட்டர். சிறிய கம்ப்ரசருக்கு இது கடும் உழைப்பு. 30 டிகிரியில் இருக்கும் காற்றை வெப்பம் வெளியேற விடாமல் 32 பவுண்டுக்கு ஒரே அழுத்தாக அழுத்தினால் அதன் வெப்பநிலை கணக்குப்படி 150 டிகிரியை எட்டும். கைபம்பின் அடிப்பகுதி சுடுவதும் இதனால்தான். இரண்டு டயருக்கு ஒருமுறை பம்புக்கு ஓய்வு கொடுங்கள். எஞ்சினை ஓடவிட்டு நிரப்பினால் பேட்டரி இறங்காது. வால்வு மூடியைக் கழற்றுமுன் சுற்றியுள்ள மணலைத் துடைத்துவிட வேண்டும். ஒரே ஒரு மணி வால்வின் ஊசியில் சிக்கினாலும் இரவு முழுவதும் காற்று கசியும். ரிம்மின் ஓரத்தையும் ஒரு தடவை பார்த்துவிடுங்கள்.

கம்ப்ரசர் இல்லாமல் பங்க் வரை போயே தீர வேண்டும் என்றால், 30 கிலோமீட்டர் வேகத்தைத் தாண்டாமல், திடீர்த் திருப்பமும் திடீர் பிரேக்கும் இல்லாமல், சாலையின் இடது ஓரமாகப் போங்கள். எவ்வளவு அவசரமானாலும் அதற்கு மேல் அழுத்தாதீர்கள். பங்குகளில் காற்று இலவசமாகத் தரப்பட வேண்டும் என்பது விதி. கேட்பதற்குத் தயங்க வேண்டியதில்லை.

சூடு, குளிர்ச்சி பற்றிய ஒரு நுணுக்கத்தையும் இங்கே சொல்ல வேண்டும். ஓட்டுநர் பக்கக் கதவைத் திறந்தால் தூணில் ஒட்டியிருக்கும் அட்டையில் உள்ள அளவு, குளிர்ந்த டயருக்கானது. அதாவது வண்டி சில மணி நேரம் நின்ற பிறகு எடுக்கும் அளவு. மணலில் உழன்று வந்த டயர் சூடாக இருக்கும். வெப்பநிலை 10 டிகிரி ஏறினால் 32 பவுண்டு டயரில் ஒன்றரைப் பவுண்டு கூடும். 55 டிகிரியில் இருக்கும் டயரில் 32 வைத்துவிட்டுப் போனால், மறுநாள் காலை 30 டிகிரியில் அது 28-ஐ ஒட்டி நிற்கும். சூடான டயரில் மூன்று நான்கு பவுண்டு கூடுதலாக வைத்து, மறுநாள் காலையில் அளந்து சரிசெய்வதே முறை.

நம் ஊரில் இதற்கு நேர் எதிரான ஒரு பழக்கம் வேரூன்றியிருக்கிறது. “வெயில் காலம், ரெண்டு பவுண்டு கம்மியா வைங்க” என்று கேட்டு வாங்குபவர்கள் ஏராளம். சூட்டில் காற்று விரிந்து டயர் வெடித்துவிடும் என்ற பயம். விரிவது உண்மைதான், ஆனால் அந்த ஏற்றத்தையும் சேர்த்துத்தான் டயரை வடிவமைக்கிறார்கள். நல்ல நிலையில் உள்ள டயர் அந்த ஐந்தாறு பவுண்டு ஏற்றத்தால் வெடிக்காது. காற்றைக் குறைத்தால் மடங்கல் கூடும், மடங்கல் கூடினால் வெப்பம் கூடும். எந்த வெடிப்புக்குப் பயந்து குறைக்கிறோமோ, அந்த வெடிப்பை நோக்கியே அது டயரைத் தள்ளுகிறது. கோடைக்கும் குளிருக்கும் அட்டையில் உள்ள அளவே சரி. நைட்ரஜன் நிரப்பினால் இந்தத் தொல்லையெல்லாம் தீரும் என்பதிலும் பொருள் அதிகம் இல்லை. நாம் அடிக்கும் சாதாரணக் காற்றிலேயே 78 சதவீதம் நைட்ரஜன்தான். எதை நிரப்புகிறோம் என்பதைவிட எவ்வளவு இருக்கிறது என்று அடிக்கடி பார்ப்பது முக்கியம்.

இன்னொரு வேண்டுகோளும் உண்டு. குதிரைமொழித் தேரியின் பெரும்பகுதி காப்புக் காடு. இந்தக் கடற்கரையில் கடலாமைகள் முட்டையிட வருகின்றன. பிழைப்புக்காக மணலில் வண்டி இறக்குபவருக்குத்தான் இந்த அத்தியாயம். விளையாட்டுக்காக மேடுகளைக் கிளறுவதை இந்த நிலம் தாங்காது.

மணலில் இறங்கியிருந்தாலும் இல்லாவிட்டாலும், நாளைக் காலை வண்டியை எடுக்குமுன் கதவுத் தூணில் உள்ள எண்ணைப் படித்துவிட்டு, நான்கு டயரோடு ஸ்டெப்னியையும் சேர்த்து அளந்து பாருங்கள். கேஜின் விலை ஒரு டயரின் விலையில் சிறு பகுதிகூட இல்லை.